இரண்டு விரல் இடைவெளி

இதில் இருட்டு கிடையாது. ஆளில்லாத பங்களா கிடையாது. எல்லாம் பட்டப்பகலில் நடந்தது. கன்டெய்னர் லாரிகள் வரிசையாகப் போய்க்கொண்டிருக்க, கம்பெனி பஸ்கள் ஹாரன் அடித்துக்கொண்டிருக்க, ஒரகடம் ரோட்டில் வெயில் மண்டையைப் பிளக்கும் நேரத்தில் நடந்தது.

எனக்கு இதைச் சொன்னவள் பாண்டிச்செல்வி. அவள் சொன்னதில் நான் எதையும் கூட்டவில்லை. ஓரிரு இடங்களில் குறைத்திருக்கிறேன். ஏன் என்று படிக்கும்போது தெரியும். சாப்பாட்டுத் தட்டைக் கையில் வைத்துக்கொண்டு இதைப் படிக்க வேண்டாம்.

பாண்டிச்செல்விக்குச் சொந்த ஊர் சங்கரன்கோவில் பக்கம். கல்யாணமானதும் புருஷன் வேல்ராஜோடு இங்கே வந்தாள். சேரப்பணஞ்சேரியில் வாடகை வீடு. அவனுக்குக் கண்ணாடி கம்பெனியில் ஷிப்ட் வேலை. அவளுக்குக் கார் பாகங்கள் செய்யும் ஒரு கம்பெனியில் தரம் பார்க்கும் வேலை. அலுமினியத்தில் வார்த்த பாகங்களை நாள் முழுக்க அளந்து பார்ப்பாள்.

கல்யாணமாகி ஐந்து வருஷம். குழந்தை இல்லை. தாம்பரத்தில் ஒரு டாக்டரம்மாவிடம் மாதம் இரண்டு முறையாவது போக வேண்டியிருந்தது. ஊசி போட்டுக்கொண்டு, அடிவயிற்றைப் பிடித்துக்கொண்டு, ஷேர் ஆட்டோவில் இடிபட்டு வருவது அவளுக்கு முடியவில்லை. அதற்காகத்தான் அந்தப் பழைய வெள்ளை செடானை வாங்கினார்கள். இன்ஜின் நன்றாக இருந்தது. ஏசி கூட வேலை செய்தது. ரிம்கள்தான் மோசம். நான்கும் துருப்பிடித்து, டயர் உட்காருகிற விளிம்பு உதிர்ந்துபோயிருந்தது. காற்று நிற்கவில்லை. போதாக்குறைக்கு வாலாஜாபாத் ரோட்டுப் பள்ளத்தில் இறங்கி ஒன்று வளைந்தும் போனது.

படப்பையில் ஜெபகுமார் என்ற மெக்கானிக் இருந்தான். நான்கையும் மாற்றிவிடலாம், ஆனால் இந்த மாடலுக்குப் புதிதாக வருவது நின்றுவிட்டது, பழசில்தான் தேட வேண்டும் என்றான். என்னென்ன பொருந்த வேண்டும் என்றும் சொன்னான். போல்ட் ஓட்டைகள் எத்தனை, ஒன்றுக்கொன்று எவ்வளவு தூரம். நடு ஓட்டை அச்சில் கச்சிதமாக உட்கார வேண்டும், பெரிதாக இருந்தால் வேகத்தில் ஸ்டியரிங் நடுங்கும். எல்லாவற்றையும் விட முக்கியம், போல்ட் பிடிக்கிற முகம் ரிம்மின் உள்ளே எவ்வளவு தள்ளி இருக்கிறது என்பது. அது தப்பினால் சக்கரம் வெளியே துருத்திக்கொண்டு மட்கார்டில் உரசும்.

வேல்ராஜுக்குப் பெரிய சைஸில், பளபளவென்று போட ஆசை. பாண்டிச்செல்வி ஒத்துக்கொள்ளவில்லை. உரசுகிற வண்டியில் தாம்பரம் வரை போக முடியாது என்று சொல்லிவிட்டாள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை பிள்ளைப்பாக்கத்தில் நரசிம்மன் என்பவரின் பழைய சாமான் யார்டுக்குப் போனார்கள். முன்பு நெல் விளைந்த இடம். இப்போது உடைந்த கதவுகள், நசுங்கிய பானெட்டுகள், மலை மாதிரி சக்கரங்கள். பாண்டிச்செல்வி கம்பெனியில் அளக்கிற வெர்னியர் அளவுகோலை எடுத்துக்கொண்டு ஒவ்வொன்றாக அளந்தாள். ஒரு செட்டில் ஓட்டைகள் சரி, நடு ஓட்டை பெரிது. இன்னொன்றில் நடு ஓட்டை சரி, முகம் சரியில்லை. ஒன்று பார்க்க அழகு, ஆனால் எங்கோ அடிவாங்கி முட்டை வடிவத்துக்கு வந்திருந்தது. வெயில் ஏற ஏற வேல்ராஜ் எரிச்சலானான்.

சுவர் ஓரத்தில் தார்ப்பாய் போட்டு மூடி, அதன் மேல் கல் வைத்திருந்தார்கள். அவள் தூக்கிப் பார்த்தாள். நான்கு அலாய் வீல்கள். ஒரு கீறல் இல்லை. அளந்தாள். எல்லாம் அவள் காருக்கென்றே வார்த்த மாதிரி இருந்தது.

நரசிம்மன் அங்கிருந்தே பார்த்துவிட்டு வந்தார். அவர் முகம் ஒரு மாதிரி ஆனது.

"அது வேணாம்மா. வேற பாரு."

ஏன் என்று கேட்டாள். அவர் தார்ப்பாயை இழுத்து மூடப் பார்த்தார். யாருக்காவது எடுத்து வைத்திருக்கிறீர்களா என்று கேட்டான் வேல்ராஜ். இல்லை என்றார். அப்புறம் என்ன என்று அவன் பிடித்துக்கொண்டான். நரசிம்மன் தோளைக் குலுக்கிக்கொண்டு போய்விட்டார். விலை பேசவே இல்லை. அவர்கள் கொடுத்ததை வாங்கிக்கொண்டார்.

காரில் ஏற்றும்போது பாண்டிச்செல்வியின் விரல் ஒரு ரிம்மின் பின்பக்கம் பட்டது. பிசுபிசுப்பு. கிரீஸ் என்று நினைத்தாள். தினமும் கிரீஸில் கை வைக்கிறவள்தான். ஆனால் கிரீஸ் வழுக்கும். இது வழுக்கவில்லை. விரலோடு ஒட்டி, நூல் மாதிரி இழுபட்டது.

முகர்ந்து பார்த்தாள்.

உடனே கையைத் தன்னிடமிருந்து தள்ளிப் பிடித்துக்கொண்டாள். கறிக்கடை மரக்கட்டையைக் கழுவி ஊற்றிய தண்ணீர் வெயிலில் தேங்கிக் கிடந்தால் எப்படி இருக்கும், அந்த நாற்றம். வேஸ்ட் துணியில் துடைத்தாள். வீட்டுக்குப் போய் சோப்பு போட்டுக் கழுவினாள். சாம்பல் போட்டுத் தேய்த்தாள். அன்று மத்தியானம் அந்தக் கையால் சோற்றைப் பிசைய முடியவில்லை. ஸ்பூனால் சாப்பிட்டாள்.

மறுநாள் ஜெபகுமார் மாட்டிக்கொடுத்தான். கச்சிதம். சக்கரத்தைக் கையால் சுற்றினால் சத்தமில்லாமல் சுழன்றது. டயருக்கும் மட்கார்டுக்கும் நடுவில் தன் இரண்டு விரலை நுழைத்துக் காட்டினான். இவ்வளவு இடைவெளி இருந்தால் ஜென்மத்துக்கும் உரசாது என்றான்.

படப்பையைத் தாண்டுவதற்குள் உரசியது.

சரக்... சரக்... சரக்...

இடது பின் சக்கரம்.

திருப்பிக்கொண்டு போனாள். ஜெபகுமார் குனிந்து பார்த்தான். உரசிய தடமே இல்லை. பின்சீட்டில் இரண்டு பேரை உட்காரவைத்துத் தானே ஓட்டிப் பார்த்தான். சத்தமில்லை. ஸ்டியரிங்கை அவளிடம் கொடுத்துப் பக்கத்தில் உட்கார்ந்தான். கொஞ்ச தூரத்திலேயே வந்தது. இரும்பில் ரப்பர் உரசுகிற சத்தம் இப்படி இருக்காது என்றான். பின்னே இது எதைப் போல இருக்கிறது என்று அவள் கேட்டாள். அவனுக்குச் சொல்லத் தெரியவில்லை. ஈரச் சாக்கைத் தரையில் இழுத்துக்கொண்டு போகிற மாதிரி இருந்தது என்று அவள்தான் பிறகு என்னிடம் சொன்னாள்.

அந்த வாரம் ஈக்கள் வந்தன.

வீட்டு வாசலில் கார் நிற்கும். மூன்று சக்கரங்கள் வெறுமனே இருக்கும். இடது பின் சக்கரத்தில் மட்டும் பச்சை ஈக்கள் மொய்த்துக் கிடக்கும். தண்ணீர் ஊற்றினால் எழும்பி, ஒரு சுற்று சுற்றி, அதே இடத்தில் உட்காரும். அவள் டெட்டால் ஊற்றினாள். பினாயில் ஊற்றினாள். டெட்டால் நாற்றமும் அந்த நாற்றமும் சேர்ந்து இன்னும் குமட்டியது.

பிறகு நாய்கள்.

தெருநாய் கார் சக்கரத்தில் காலைத் தூக்குவது எங்கும் உள்ளதுதான். இவை காலைத் தூக்கவில்லை. ஒரு காலை வேலைக்குக் கிளம்பிக் கதவைத் திறந்தபோது, மூன்று நாய்கள் அந்தச் சக்கரத்தைச் சுற்றிப் படுத்திருந்தன. ரிம்மை நக்கிக்கொண்டிருந்தன. நிதானமாக, கண்ணை மூடிக்கொண்டு, ரிம்மின் கம்பிகளுக்கு நடுவில் நாக்கை விட்டு விட்டு நக்கின. ஒன்று மட்டும் தலையை ஒருச்சாய்த்து எதையோ கடைவாயில் மென்றது. கல்லெடுத்து அடித்தாள். அது நகர்ந்து நின்று, வாயிலிருந்ததை விழுங்கிவிட்டு அவளைப் பார்த்தது.

பாண்டிச்செல்வி வாசல் ஓரத்திலேயே வாந்தி எடுத்தாள்.

இங்கேதான் விஷயம் வேறு பக்கம் திரும்பியது. வேல்ராஜுக்கு அந்த நாற்றம் தெரியவில்லை. கார் அருகே போய் மூச்சை இழுத்துப் பார்த்தும் பினாயில் வாசனைதான் வருகிறது என்றான். பெண்டாட்டி சாப்பிடுவதில்லை, காலையில் வாந்தி எடுக்கிறாள், கறி நாற்றம் என்கிறாள். ஐந்து வருஷமாக ஒரே செய்திக்குக் காத்திருந்த மனுஷனுக்கு வேறு என்ன தோன்றும். அவளிடம் கேட்காமல் ஊரில் இருந்த அம்மாவுக்குப் போன் போட்டுச் சொல்லிவிட்டான்.

அம்மா பெயர் முப்பிடாதி. பீடி சுற்றி மகனைப் படிக்கவைத்தவள். மருமகளை இதுவரை ஒரு குத்தல் வார்த்தை பேசியதில்லை. அன்று போனில் அழுதாள். மருமகளைக் கூப்பிட்டு, மாங்காய் ஊறுகாய் போட்டு வைத்திருக்கிறேன், எடுத்துக்கொண்டு வருகிறேன் என்றாள். அப்படி எதுவும் இல்லை என்பது பாண்டிச்செல்விக்குத் தெரியும். அந்த மாதம் தலைக்குத் தண்ணீர் ஊற்றி நான்கு நாள்தான் ஆகியிருந்தது.

அன்று ராத்திரி வேல்ராஜிடம் சொன்னாள். அவன் சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டான். அப்படியானால் இந்த நாற்றமெல்லாம் என்ன, டாக்டரிடம் போகிற காரில் ஏறாமல் இருக்க ஒரு சாக்கா என்று கேட்டான். அந்தக் கேள்வி அவளுக்கு நாற்றத்தை விட அதிகமாகக் குமட்டியது. ஆனால் அவள் சண்டை போடவில்லை. அவன் குரலும் உடைந்துதான் இருந்தது.

அதற்குள் முப்பிடாதி ரயில் ஏறிவிட்டிருந்தாள்.

காலையில் செங்கல்பட்டில் இறங்கி, மின்சார ரயில் பிடித்து, சிங்கப்பெருமாள் கோவிலுக்கு வந்துவிட்டாள். இருவரும் காரில் அழைக்கப் போனார்கள். வேல்ராஜ் விடிய விடியத் தூங்கவில்லை, கண் சொக்கியது. பாண்டிச்செல்விதான் ஓட்டினாள். முப்பிடாதி பின்சீட்டில் ஏறினாள். இடது பக்கம். மடியில் ஊறுகாய் ஜாடி. மருமகளின் தலையைத் தடவிக் கொடுத்தாள். பாண்டிச்செல்வி கண்ணாடியில் அவள் முகத்தைப் பார்க்காமல் வண்டியை எடுத்தாள்.

நல்ல வெயில். கண்ணாடிகளை ஏற்றி ஏசி போட்டிருந்தார்கள். ஒரகடம் நோக்கி வண்டிகள் நெருக்கியடித்துப் போய்க்கொண்டிருந்தன.

சரக்... சரக்...

வேல்ராஜ் முன்சீட்டில் தூங்கிவிட்டான்.

முப்பிடாதி முந்தானையை மூக்கில் வைத்துக்கொண்டாள். கண்ணாடியில் பாண்டிச்செல்வி பார்த்துவிட்டாள்.

"என்னட்டி நாத்தம் இது?"

பாண்டிச்செல்விக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. தனக்கு மட்டும் இல்லை. இன்னொரு ஆளுக்கும் வருகிறது. உங்களுக்கும் வருதா அத்தை என்று கேட்கத் திரும்பப் போனாள். அதற்குள் முப்பிடாதி தன் இரண்டு காலையும் சீட்டுக்கு மேலே தூக்கிக்கொண்டாள்.

"ஏ செல்வி... யாரோ தட்டுதாம்."

"எங்க அத்தை?"

"கீழ. என் காலுக்குக் கீழ."

பாண்டிச்செல்வி ஏசியை அணைத்தாள்.

சரக்... சரக்...

அதற்கு நடுவில் இன்னொன்று.

தட். தட். தட்.

உள்ளங்கையால் தகரத்தைத் தட்டுகிற சத்தம். அவசரமாக. பிறகு மெதுவாக.

முப்பிடாதி குனிந்து கேட்டாள். காதை சீட்டில் வைத்துக் கேட்டாள். முகம் வெளிறிப்போய் நிமிர்ந்தாள்.

"நிப்பாட்டச் சொல்லுதாம்ட்டி... நிப்பாட்டு."

பாண்டிச்செல்வி ஓரம் கட்டினாள்.

சத்தம் நின்றது.

முப்பிடாதி கதவைத் திறந்து தலையை வெளியே நீட்டி வாந்தி எடுத்தாள். ஊறுகாய் ஜாடி உருண்டு விழுந்து ரோட்டில் உடைந்தது. வேல்ராஜ் திடுக்கிட்டு எழுந்து அம்மாவைப் பிடித்தான்.

பாண்டிச்செல்வி இறங்கிப் பின்னால் வந்தாள். காருக்கு அடியில் பார்த்தாள். யாரும் இல்லை. ரோடு காய்ந்து கிடந்தது. சக்கரமும் காய்ந்து கிடந்தது. சுத்தமாக இருந்தது.

ஜெபகுமார் காட்டிக்கொடுத்தபடி, டயருக்கும் மட்கார்டுக்கும் நடுவில் இரண்டு விரலை நுழைத்தாள்.

இடைவெளி இல்லை.

உள்ளே ஏதோ இருந்தது.

மெத்தென்று...

சூடாக...

கன்னத்தின் உட்புறம் மாதிரி.

விரலை இழுப்பதற்குள் அது மூடிக்கொண்டது. வழவழப்பாக. பிறகு கடினமாக ஒரு வரிசை, மேலே. இன்னொரு வரிசை, கீழே. கடிக்கவில்லை. சும்மா பிடித்துக்கொண்டது. உள்ளேயிருந்து காற்று வந்தது. விரல் நுனியில் சூடாகப் பட்டது. நின்றது. மறுபடி பட்டது.

மூச்சு.

அவள் கத்தினாளா என்று அவளுக்கே தெரியாது. வேல்ராஜ் வந்து தோளைப் பிடித்து இழுத்தபோது கை வெளியே வந்துவிட்டது. விரல்களில் ஒன்றுமில்லை. ஈரம்கூட இல்லை. இரண்டு விரலிலும், நடுக் கணுவில், வரிசையாகச் சின்னச் சின்னப் பள்ளங்கள். பார்த்துக்கொண்டிருக்கும்போதே அவை மேலெழும்பி மறைந்தன. வேல்ராஜும் பார்த்தான். அதற்குப் பிறகு அவன் அவளிடம் எதையும் சந்தேகமாகக் கேட்டதில்லை.

காரை அங்கேயே பூட்டிப் போட்டுவிட்டு மூவரும் ஷேர் ஆட்டோவில் வீட்டுக்கு வந்தார்கள். ஜெபகுமார் சாயங்காலத்துக்கு முன்பே போய், பழைய துரு ரிம்களையே மாட்டிக் காரைக் கொண்டுவந்தான். இடது பின் சக்கரத்தைக் கழற்றும்போது மட்கார்டுக்கு உள்ளே ஒரு துணித்துண்டு சிக்கியிருந்தது என்றான். கம்பெனி யூனிபார்ம் துணி மாதிரி இருந்ததாம், நீலம். ரோட்டில் கிடந்தது ஏறியிருக்கும் என்று நினைத்து எறிந்துவிட்டான். ஆனால் அவன் அன்றைக்கு அவர்களிடம் கூலி வாங்காமல், சீக்கிரம் கிளம்பிப் போய்விட்டான்.

நான்கு ரிம்களையும் ஒரு குட்டியானை லோடு வண்டியில் ஏற்றி நரசிம்மனின் யார்டுக்குக் கொண்டுபோனார்கள். அவர் ஏன் என்று கேட்கவில்லை. இறக்கி வையுங்கள் என்றார். பாண்டிச்செல்வி வண்டியை விட்டு இறங்கி அவர் முன்னால் போய் நின்றாள். என்னவென்று சொல்லாமல் போக மாட்டேன் என்றாள். அவர் அவள் முகத்தைப் பார்க்காமல் தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்.

அந்த ரிம்கள் முன்பு வேறொரு காரில் இருந்தவை. வாங்கியவன் பார்க்க அழகாக இருக்கிறதென்று அளவு பார்க்காமல் போட்டுக்கொண்டான்.

"அந்த காருக்கு இந்த வீலு செட்டே ஆவலமா. வெளிய துருத்திகினு கீது. பின்னால மட்கார்டுல சரக்கு சரக்குனு ஒரசிகினே இருக்கும். போவப் போவ செட்டாய்டும், கண்டுக்காதேன்னு எவனோ சொல்லிக்கிறான்."

அவனும் கண்டுகொள்ளாமல் பழகிவிட்டான். ஒரு நாள் மத்தியானம், ஷிப்ட் விடுகிற நெரிசலில், சைக்கிளில் போன ஒரு கான்ட்ராக்ட் தொழிலாளியை அந்தக் கார் பின்பக்கமாகத் தட்டியது. ஏதோ லேசாக இடித்த மாதிரி இருந்தது அவனுக்கு. கண்ணாடியில் பார்த்தான், யாரும் விழுந்து கிடக்கவில்லை. ஓட்டிக்கொண்டு போனான். அந்த மனுஷன் விழவில்லை. இடது பின் சக்கரத்துக்கும் மட்கார்டுக்கும் நடுவில் சட்டையோடு மாட்டிக்கொண்டிருந்தான்.

சத்தம் கேட்டது. எப்போதும் கேட்கிற உரசல்தானே என்று கார்க்காரன் நினைத்தான். கண்ணாடியை ஏற்றிவிட்டுப் பாட்டை அதிகமாக வைத்தான். ஒரகடத்திலிருந்து சிங்கப்பெருமாள் கோவில் வரை. சிக்னலில் நின்றபோது ஜனங்கள் ஓடிவந்து காரை மறித்தார்கள்.

நரசிம்மன் அங்கே நிறுத்தினார். வேல்ராஜ் போகலாம் என்று அவள் கையைப் பிடித்தான். அவள் அசையவில்லை. அந்தத் தொழிலாளி அப்போதே செத்திருந்தானா என்று கேட்டாள்.

"இல்லமா. இழுத்து வெளிய போடசொல்ல உசுரு இருந்துச்சாம். வாய் மட்டுந்தான் முழுசா இருந்துச்சுன்னு சொன்னாங்க. தட்டிக்கிட்டே வந்தேனே, தட்டிக்கிட்டே வந்தேனேன்னு... அதையே சொல்லிகினு இருந்து போய்ட்டான்."

இவர்களுக்கு முன்பும் இரண்டு பேர் வாங்கிப் போய்த் திருப்பிக் கொண்டுவந்து போட்டிருக்கிறார்கள் என்றும் சொன்னார். இனிமேல் யாருக்கும் விற்க மாட்டேன், ஃபர்னஸுக்குப் போட்டுவிடுகிறேன், உருக்கினால் எல்லாம் ஒழிந்துவிடும் என்றார். அவர்கள் வேறு ரிம் கேட்கவில்லை. தாம்பரத்தில், எல்லாம் புதிதாக விற்கிற கடையில் சொல்லிவைத்து, வேறு மாடலுக்கு வந்ததில் அளவு பொருந்துகிற சாதாரண இரும்பு ரிம்களாகப் பார்த்து வாங்கிப் போட்டுக்கொண்டார்கள்.

முப்பிடாதி பத்து நாள் இருந்துவிட்டு ஊருக்குப் போனாள். குழந்தை பேச்சை அவள் எடுக்கவே இல்லை. ரயில் ஏறும் முன் மருமகளின் வலது கையை எடுத்து, அந்த இரண்டு விரலையும் தன் முந்தானையால் துடைத்துவிட்டாள். காரில் எந்தச் சத்தமும் இல்லை. பாண்டிச்செல்வி மெல்ல மெல்லக் கையால் சாப்பிட ஆரம்பித்தாள்.

இவ்வளவோடு முடிந்திருந்தால் அவள் என்னிடம் சொல்லியிருக்க மாட்டாள்.

மூன்று மாதம் கழித்து, கம்பெனியில் புதுச் சரக்கு வந்தது. இன்ஜினில் மாட்டுகிற அலுமினியப் பாகம். அவளுடைய அறை ஏசி அறை. கண்ணாடிக் கதவு. கொசு கூட நுழையாது. காலையில் பெட்டியின் அட்டையைக் கிழித்தாள்.

உள்ளேயிருந்து ஒரு ஈ பறந்து வந்து மேஜையில் உட்கார்ந்தது.

பச்சை ஈ.

அப்புறம் நாற்றம் வந்தது.

அவள் பெட்டியை மூடினாள். பிறகு ஸ்டோரில் இருந்த மரகதத்திடம் போய், இது எங்கிருந்து வந்தது என்று கேட்டாள். புது சப்ளையர் என்றாள் மரகதம். பழைய அலாய் வீல்களை உருக்கி வார்க்கிறார்களாம். பிள்ளைப்பாக்கம் பக்கத்து யார்டுகளில் மொத்தமாக வாங்குகிறார்களாம்.

திரும்பி வந்து அளந்தாள். வேறு என்ன செய்வது. நாற்றத்துக்காக ஒரு பெட்டியைத் திருப்பி அனுப்ப முடியாது. ஒவ்வொரு பாகத்திலும் நடுவில் ஒரு ஓட்டை உண்டு. பிசிறு இருக்கிறதா என்று விரலை விட்டுத் தடவிப் பார்க்க வேண்டும். ராத்திரி முழுக்கக் கிடங்கில் கிடந்த உலோகம் சில்லென்று இருக்க வேண்டும்.

மெத்தென்று இருந்தது. சூடாக இருந்தது.

ஒன்றில் இல்லை. எல்லாவற்றிலும்.

அளவில் ஒரு குறையும் இல்லை. சூப்பர்வைசர் வந்து கேட்டபோது அவளால் ஒரு காரணமும் சொல்ல முடியவில்லை. மத்தியானத்துக்குள் பெட்டிகள் அத்தனையும் லாரியில் ஏறிவிட்டன. இந்நேரம் அவை ஆயிரக்கணக்கான புதுக் கார்களுக்குள் இருக்கும். எந்தெந்தக் கார் என்று அவளுக்குத் தெரியாது.